பூமலைப் பெயர்ப்பலகையில் இருக்கும் இந்த ஆட்கள் யார்? – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஞாயிற்றுக்கிழமை காலையில் சொந்தக்காரர்களையும் நண்பர்களின் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு பூமலையில், அதாவது சிங்கப்பூர்த் தாவரவியல் தோட்டத்தில், நடப்பது எனக்குப் பல வருடப் பழக்கம். மரத்தில் தொங்கும் பெயர்ப்பலகையைப் பிள்ளைகள் எழுத்துக்கூட்டிப் படிப்பார்கள். உடனே கேள்வி வரும். திரும்பத் திரும்ப வந்த கேள்விகளுக்கு நான் சொன்ன பதில்களைச் சேர்த்து எழுதியிருக்கிறேன். நான் தாவரவியல் படித்தவன் இல்லை, பலகைகளைப் படித்தே பழகியவன்.

பலகையில் இரண்டு சொல் இருக்கிறதே, அதில் எது ஆளின் பெயர்?

முதல் சொல் பேரினம் (நெருங்கிய உறவுள்ள செடிகளின் கூட்டம்), இரண்டாவது சொல் அந்தப் பேரினத்துக்குள் இந்தச் செடி எது என்று காட்டுவது. ஸ்வீடன்காரரான லின்னேயஸ் 1753இல் இந்த இரட்டைப் பெயர் முறையை எல்லாச் செடிக்கும் ஒரே சீராக வைத்தார். ஆளின் பெயர் முதல் சொல்லிலும் வரலாம், இரண்டாவதிலும் வரலாம், சில செடிகளில் இரண்டிலுமே வரும். ராஃப்ளேசியா கான்ட்லியி என்று ஒரு பெரிய ஒட்டுண்ணிப் பூ, மலேசியக் காடுகளில் இருக்கிறது. முதல் சொல், நவீன சிங்கப்பூரைத் தொடங்கிவைத்த ராஃபிள்ஸ். இரண்டாவது, 1880களில் பூமலையை நிர்வகித்த நதானியேல் கான்ட்லி. சிங்கப்பூர்க் கதையில் வரும் இரண்டு பேர் ஒரே பூவில் ஒட்டிக்கொண்டிருக்கிறார்கள்.

வீராசாமி ரோடு என்றால் ஒரு டாக்டரின் பெயர் என்று தேக்காவில் (சிங்கப்பூரின் லிட்டில் இந்தியா) இருப்பவர்களுக்கே பல நேரம் தெரியாது, தெருவாகத்தான் தெரியும். செடிப் பெயரிலும் அதே கதைதான்.

ஓர் ஆளின் பெயர் எப்படி லத்தீன் ஆகிறது?

நாம் 'உடைய' சேர்ப்பதைப் போல ஒரு வால் சேர்ப்பார்கள். ஆணாக இருந்தால் பெரும்பாலும் '-யி': அர்னால்டியி என்றால் அர்னால்டுடையது. பெண்ணாக இருந்தால் '-யே'. இரண்டு மூன்று பேருக்குச் சேர்த்து வைத்தால் '-ஓரம்'.

இன்னொரு வழி, பெயரையே பெயரடை ஆக்குவது. அங்கேதான் வேடிக்கை. வந்தான், வந்தாள், வந்தது என்று நாம் விகுதி மாற்றுவதுபோல, பேரினத்தின் பால் என்னவோ அதற்கேற்ப வால் மாறும். நெபந்தஸ் என்ற குடுவைச் செடி பெண்பால், அதனால் ராஃப்ளேசியானா. காலமஸ் என்ற பிரம்பு ஆண்பால், அதனால் ரிட்லியானஸ். சிசைஜியம் என்ற நாவல் அலிபால், அங்கே '-யானம்'. தமிழ் இலக்கணம் படித்தவர்களுக்கு இது ஐந்து நிமிட வேலை. உச்சரிப்பைப் பற்றிக் கவலை வேண்டாம், தாவரவியலாளர்களே நாட்டுக்கு ஒரு விதமாகத்தான் சொல்கிறார்கள்.

கறிவேப்பிலையின் பெயரில் யாராவது இருக்கிறார்களா?

இருக்கிறார்கள், அதுவும் நம் ஊர்க்காரர் மாதிரி ஒருவர். எங்கள் வீவக (அரசு அடுக்குமாடி) வீட்டுத் தாழ்வாரத்தில் ஒரு தொட்டியில் கறிவேப்பிலை நிற்கிறது. அடுத்த வீட்டு மலாய் மக்சிக்கும் அதில் பங்கு உண்டு. ஒரு கொத்தைப் பறித்துப் பாருங்கள். நடு ஈர்க்கின் இரண்டு பக்கமும் இலைகள் நேருக்கு நேராக நிற்காமல் கொஞ்சம் தள்ளித் தள்ளி நிற்கும், ஒவ்வோர் இலையும் அடியில் லேசாக ஒரு பக்கம் சாய்ந்திருக்கும். இதற்குப் புத்தகங்களில் நெடுநாள் இருந்த பெயர் முராயா கோனிகியி.

முராயா என்பது லின்னேயஸின் மாணவரான யோஹான் ஆந்திரேயாஸ் முர்ரே. ஜெர்மனியின் கோட்டிங்கனில் பேராசிரியராக இருந்தவர். கோனிகியி என்பது யோஹான் கெர்ஹார்ட் கோனிக். இவரும் லின்னேயஸின் மாணவர்தான். 1768இல் தரங்கம்பாடிக்கு வந்தார். அப்போது அது டேனிஷ்காரர்களின் ஊர், அங்கிருந்த கிறித்தவ மிஷனில் மருத்துவராக வேலை. வைத்தியம் பார்த்த நேரம் போக மீதி நேரமெல்லாம் செடி. பறித்துக் காயவைத்து ஐரோப்பாவுக்கு அனுப்பிக்கொண்டே இருந்தார். பின்னாளில் சயாம், மலாக்கா பக்கமெல்லாம் சுற்றினார். 1785இல் இந்தியாவிலேயே இறந்தார்.

லின்னேயஸ் முதலில் இதற்கு வைத்த பெயர் பெர்கெரா கோனிகியி. பிறகு வந்தவர்கள் முராயாவுக்கு மாற்றினார்கள். இப்போது மரபணு ஆராய்ச்சி பார்த்துப் பலரும் மறுபடி பெர்கெராவுக்கே போய்விட்டார்கள். முன்பாதி இப்படி ஆடிக்கொண்டிருந்தாலும் கோனிக் மட்டும் இடத்தைவிட்டு நகரவில்லை. நம் பாட்டிமார் ஆயிரம் வருடமாகத் தாளித்த இலைக்குத் தரங்கம்பாடிக்கு நேற்று வந்தவர் பெயரா என்று என் மாமா ஒருவர் கோபித்துக்கொண்டார். நியாயமான கோபம்தான். ஆனாலும் கோனிக் அந்தச் செடியோடு உண்மையிலேயே வாழ்ந்தவர். எனக்கு அவர்மேல் வருத்தம் இல்லை.

தே தாரிக் தேநீரில்?

தேயிலை கமேலியா சைனென்சிஸ். கமேலியா என்பது கியோர்க் யோசஃப் கமேல், இன்றைய செக் நாட்டின் பர்னோ நகரில் பிறந்த இயேசு சபைத் துறவி. மணிலாவில் மருந்துக்கடை நடத்தி, பிலிப்பைன்ஸ் செடிகளை எழுதிவைத்து, 1706இல் அங்கேயே இறந்தார். தேயிலைக்கும் அவருக்கும் நேரடித் தொடர்பு இல்லை. அலங்காரப் பூவுக்கு லின்னேயஸ் அவர் பெயரை வைத்தார், தேயிலையைத் தனிப் பேரினமாகத்தான் வைத்திருந்தார். இரண்டும் ஒரே பேரினம் என்று பிற்பாடு முடிவானபோது கமேல் கோப்பைக்குள் விழுந்துவிட்டார்.

அப்படியே மங்குஸ்தானையும் சொல்லிவிடுகிறேன்: கார்சினியா மங்கோஸ்தானா. கார்சினியா, லோரன் கார்சான் என்ற மருத்துவர்-தாவரவியலாளரின் பெயர்.

ரிட்லி என்ற பெயர் எங்கே பார்த்தாலும் வருகிறதே, யார் அவர்?

ஹென்றி நிக்கலஸ் ரிட்லி. 1888இல் பூமலையின் முதல் அறிவியல் இயக்குநராக வந்தார். 1877இல் லண்டன் கியூ தோட்டத்திலிருந்து 22 ரப்பர்க் கன்றுகள் சிங்கப்பூர் வந்திருந்தன, ஆனால் அவற்றை யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. காப்பித் தோட்டக்காரர்களைப் பார்க்கும்போதெல்லாம் ரப்பர் நடுங்கள், ரப்பர் நடுங்கள் என்று விதையை நீட்டியதால் 'பைத்தியக்கார ரிட்லி' என்றே பெயர் வாங்கினார். மரத்தைச் சாகவிடாமல், பட்டையை மீன் முள் வடிவத்தில் சாய்வாகச் சீவி நாளுக்கு நாள் பால் எடுக்கும் முறையைச் சரிசெய்தவரும் அவர்தான்.

அப்புறம் நடந்தது நம் குடும்பக் கதை. ரப்பர் தோட்டங்கள் பெருகின, பால் சீவ ஆள் தேவைப்பட்டது, தமிழ்நாட்டிலிருந்து கப்பல் கப்பலாக ஆட்களை ஏற்றி வந்தார்கள். மலாயா எஸ்டேட்டில் தாத்தா பாட்டி இருந்த எந்தக் குடும்பத்தின் வரலாற்றிலும் இந்த மனிதர் ஒரு மூலையில் நிற்கிறார்.

ஆனால் ரப்பர் மரத்தின் பெயரில் அவர் இல்லை. அது ஹீவியா பிரேசிலியென்சிஸ், பிரேசில்காரி. ரிட்லி இருப்பது வேறு செடிகளில்: மரக்கிளையில் ஒட்டிக்கொண்டு மான்கொம்பு மாதிரி இலை விரிக்கும் பிளாட்டிசீரியம் ரிட்லியி, முன்பே சொன்ன பிரம்பு, பிறகு ரிட்லியாண்ட்ரா என்று முழுப் பேரினமே ஒன்று. 1855இல் பிறந்தவர், நூறு வயதைத் தாண்டி 1956இல்தான் இறந்தார்.

பெயரில் இருப்பவர்தான் அந்தச் செடியைக் கண்டுபிடித்தவரா?

பெரும்பாலும் இல்லை. இதைத்தான் நான் எல்லோரிடமும் அழுத்திச் சொல்வது. பெயர் வைப்பவர் ஒருவர், பெயருக்கு உரியவர் ஒருவர், செடியை முதலில் பறித்தவர் இன்னொருவர். காட்டில் அதைக் காட்டிக்கொடுத்தவர் நான்காவது ஆள்.

உலகத்திலேயே பெரிய பூவான ராஃப்ளேசியா அர்னால்டியியை எடுத்துக்கொள்ளுங்கள். 1818இல் சுமத்ராவில், ராஃபிள்ஸோடு பயணம் போன மருத்துவர் ஜோசஃப் அர்னால்ட் அதைப் பார்த்தார். அவரே கடிதத்தில் எழுதியிருக்கிறார்: கூட வந்த மலாய்ப் பணியாள் ஒருவர்தான் முதலில் பார்த்துவிட்டு, வாருங்கள், எவ்வளவு பெரிய பூ என்று வியந்துபோய்க் கூப்பிட்டார். அர்னால்ட் அதே வருடம் காய்ச்சலில் இறந்துபோனார். லண்டனில் ராபர்ட் பிரௌன் என்ற தாவரவியலாளர் 1821இல் பெயரை வெளியிட்டார். முதல் சொல்லில் ராஃபிள்ஸ், இரண்டாவதில் அர்னால்ட். கூப்பிட்டவர் பெயர் எங்கேயும் இல்லை.

சிங்கப்பூர்க் குடுவைச் செடி நெபந்தஸ் ராஃப்ளேசியானாவும் இப்படித்தான். 1819இல் அதை இங்கே கண்டு விவரித்தவர் வில்லியம் ஜாக் என்ற ஸ்காட்லாந்து இளைஞர். தன் பெயரை வைக்காமல் தலைவர் பெயரை வைத்தார். 27 வயதில், 1822இல் இறந்துபோனார். அவர் எழுதியதிலும் சேகரித்ததிலும் பெரும்பகுதி 1824இல் ராஃபிள்ஸ் ஏறிய கப்பல் தீப்பிடித்தபோது அதோடு எரிந்தது. அந்தக் கதையைப் படித்த நாளிலிருந்து குடுவைச் செடியைப் பார்த்தால் எனக்கு ராஃபிள்ஸ் ஞாபகம் வருவதில்லை.

ஜாக்குக்கு ஒரு செடிகூட இல்லையா?

உண்டு, கொஞ்சம் சுற்றி வளைத்து. நதானியேல் வல்லிச் என்ற டேனிஷ் மருத்துவர், கல்கத்தா தாவரவியல் தோட்டத்தின் தலைவர், 1822இல் உடம்பு தேறுவதற்காகச் சிங்கப்பூர் வந்தவர். இன்றைய ஃபோர்ட் கேனிங் குன்றில் இருந்த முதல் தாவரவியல் தோட்டத்துக்கு யோசனை சொன்னவரும் அவரே (அந்தத் தோட்டம் 1829இல் மூடப்பட்டது, இப்போதைய பூமலை 1859இல் வந்தது). அவர் ஒரு மரத்துக்கு ஜாக்கியா என்று நண்பர் பெயரை வைத்தார். ஆனால் அதே பெயரை வேறு செடிக்கு இன்னொருவர் ஏற்கெனவே வைத்திருந்தார். ஒரு பேரினப் பெயர் செடி உலகத்தில் ஒருமுறைதான், இரண்டாவது வந்தால் செல்லாது. 1979இல் அந்த மரத்துக்கு ஜாக்கியாப்சிஸ் என்று புதுப்பெயர் வைத்தார்கள். 'ஜாக்கியா போன்றது' என்று அர்த்தம். எப்படியோ ஜாக்கின் பெயரை விடாமல் பிடித்துக்கொண்டார்கள்.

செடிக்கும் ஆளுக்கும் பொருத்தம் பார்த்து வைப்பார்களா?

லின்னேயஸுக்கு அந்த ஆசை இருந்தது. மந்தாரை இலையைக் கையில் எடுங்கள். ஒரே காம்பு, ஆனால் மாட்டுக் குளம்பு மாதிரி இரண்டு மடல். நடு நரம்பில் மடித்தால் ஒன்றன்மேல் ஒன்று அச்சாகப் பொருந்தும். பேரினம் பௌஹினியா, சுவிட்சர்லாந்தின் பௌஹின் சகோதரர்கள் யோஹான், காஸ்பார் இருவருக்கும். ஒரே காம்பில் இரண்டு மடல், ஒரே வீட்டில் இரண்டு தாவரவியலாளர்.

இதைவிட எனக்குப் பிடித்தது கானாவாழை. வீவக புளோக்குகளுக்கு நடுவே, புல்வெட்டி மெஷின் தப்பவிட்ட ஈரமான மூலைகளில் காலையில் நீலப் பூ பூத்திருக்கும், மதியத்துக்குள் சுருங்கிவிடும். குனிந்து பாருங்கள்: இரண்டு இதழ் பெரிதாக, பளிச்சென்று நீலமாக இருக்கும். மூன்றாவது சின்னது, இருக்கிற இடமே தெரியாது. பேரினம் காமெலைனா. டச்சுக்காரர்களான காமெலின் குடும்பத்தில் இரண்டு பேர் பேர்பெற்ற தாவரவியலாளர்கள், மூன்றாமவர் எதுவும் சாதிக்கும் முன்பே இறந்துவிட்டார் என்று லின்னேயஸே காரணம் சொல்லியிருக்கிறார். செத்துப்போனவரைப் போய் இப்படிச் சொல்ல வேண்டுமா என்று தோன்றும். ஆனால் அந்தப் பூவை ஒருமுறை இப்படிப் பார்த்துவிட்டால் மறக்காது.

திட்டுவதற்கும் அவர் செடியைப் பயன்படுத்தினார். தன் முறையை ஆபாசம் என்று தாக்கிய சீகெஸ்பெக் என்பவரின் பெயர், தொட்டால் பிசுபிசுக்கும் ஒரு களைச்செடியில் இன்றும் இருக்கிறது.

தன் பெயரைத் தானே வைத்துக்கொள்ளலாமா?

சட்டம் தடுக்கவில்லை, ஊர் சிரிக்கும். வழக்கமாக ஆசிரியருக்கு மாணவர் வைப்பார், நண்பருக்கு நண்பர் வைப்பார். ராக்ஸ்பர்க் என்ற தாவரவியலாளர் தன் எடின்பரோ ஆசிரியர் ஜான் ஹோப்புக்காக ஹோபியா என்று வைத்தார். நம் சாலையோரங்களில் நிழல் தரும் ஹோபியா ஓடொராட்டா அந்த ஆசிரியரின் பெயர்தான்.

பெயரைப் பார்த்து ஏமாந்துபோக வாய்ப்பு உண்டா?

நிறைய. கார்டீனியா என்றதும் தோட்டம் என்று நினைப்போம். அது அலெக்சாண்டர் கார்டன் என்ற மருத்துவர், அமெரிக்காவின் சார்ல்ஸ்டனில் இருந்தவர். காகிதப்பூவின் பூகன்வில்லியா ஒரு கப்பல் தலைவரின் பெயர், தாவரவியலாளர் இல்லை. மேம்பாலங்களின் ஓரம் முழுக்கத் தொங்கும் அந்தப் பூவைப் பற்றிப் பிறகு சொல்கிறேன். வெட்சியின் இக்சோரா என்ற பெயரில் மனிதரே இல்லை, ஈஸ்வரன் என்ற பெயர் போர்த்துகீசிய வாயில் புகுந்து வந்தது என்பார்கள். வேலிக்கு வேலி சிவப்பாக நிற்கும் இட்லிப்பூ சிவன் பெயரோடு நிற்கிறது.

பெயர் மாறினால் அந்த மரியாதை போய்விடுமா?

போய்விடும், இரக்கமே கிடையாது. செண்பகம் நெடுங்காலம் மிஷேலியா சம்பகா. ஃப்ளாரன்ஸ் நகரத்து மிக்கேலி, காளான்களை ஆராய்ந்த பெரிய மனிதர். பிறகு மிஷேலியாவும் மக்னோலியாவும் ஒன்றே என்று முடிவானது. நின்றது மக்னோலியா என்ற பெயர், எனவே மிக்கேலி வெளியே, பிரான்சின் பியேர் மக்னோல் உள்ளே. 'சம்பகா' மட்டும் நம் சொல்லாகவே தங்கிவிட்டது.

சிங்கப்பூரின் ஐந்து வெள்ளி (டாலர்) தாளின் பின்பக்கம் இருக்கும் பூமலைத் தெம்புசு மரத்துக்கும் இதே கதி. ஃபேக்ரியா ஃபிராக்ரன்ஸ் என்று ஸ்வீடனின் ஃபேக்ரியஸ் பெயரைச் சுமந்தது, இப்போது சிர்ட்டோஃபில்லம் என்கிறார்கள். அதில் ஆள் யாரும் இல்லை.

எல்லாம் வெள்ளைக்கார ஆண்கள்தானா?

நடக்க வரும் பிள்ளைகள் கேட்பதில் சிறந்த கேள்வி இது. பெரும்பாலும் ஆமாம். விதிவிலக்குகளைத் தேடிப் பிடித்து வைத்திருக்கிறேன்.

நாவல் மரத்தின் பேரினத்தில் சிசைஜியம் ஙாடிமானியானம் என்று ஒன்று உண்டு. ஙாடிமான் பின் ஹாஜி இஸ்மாயில், பூமலையின் செடி சேகரிப்பாளர். காட்டில் நடந்து, மாதிரி பறித்து, அழுத்திக் காயவைத்த ஆள். பூமலையில் வேலை பார்த்த ஹென்டர்சன் அந்தப் பெயரை வைத்தார். 'ங' வில் தொடங்கும் சொல் தமிழில் தேடினாலும் கிடைக்காது என்று பள்ளியில் சொல்வார்கள், ஒரு மரத்தில் கிடைத்துவிட்டது. கோவாவிலிருந்து வந்து பூமலையில் பல ஆண்டுகள் பணியாற்றிய ஃபுர்ட்டாடோவின் பெயரில் ஃபுர்ட்டாடோவா என்று சேம்பு குடும்பத்தில் ஒரு பேரினம் இருக்கிறது. நீலகிரியின் எரியோக்ரைசிஸ் ரங்காச்சாரியி என்ற புல், கோயம்புத்தூர் விவசாயக் கல்லூரியில் புற்களைப் பற்றி எழுதிய ரங்காச்சாரியுடையது. கரும்பு ஆராய்ச்சியில் பேர்பெற்ற ஜானகி அம்மாள் பெயரில் ஒரு மக்னோலியா ரகம் இங்கிலாந்தில் பூக்கிறது.

பெண்கள் என்றால் ஜான் பாரே. பூகன்வில் கப்பலில் பெண்கள் ஏறக்கூடாது. தாவரவியலாளர் கொமெர்சோனின் உதவியாளாக ஆண் வேடத்தில் ஏறி, உலகத்தைச் சுற்றிய முதல் பெண் ஆனார். காகிதப்பூவைச் சேகரித்த பயணம் அதுதான். கப்பல் தலைவருக்குப் பூ கிடைத்தது, மூட்டை சுமந்தவருக்குக் கிடைக்கவில்லை. 2012இல்தான் கத்தரிக்காய் பேரினத்தில் சொலானம் பாரெட்டியே என்று ஒரு செடிக்கு அவர் பெயர் வைத்தார்கள்.

நெல்சன் மண்டேலா ஆர்க்கிட் என்று இருக்கிறதே, அதுவும் இந்தக் கணக்கில் வருமா?

வராது. அது கலப்பினப் பெயர், சிங்கப்பூர் விருந்தினர்களுக்குச் செய்யும் மரியாதை. லத்தீன் வால் ஒட்டாது, அந்தப் பதிவேடும் வேறு. நம் தேசிய மலர் மிஸ் ஜோக்கிமும் கலப்பினமே. ஆக்னஸ் ஜோக்கிம் என்ற ஆர்மீனியப் பெண் வளர்த்தது, 1893இல் ரிட்லி அதை விவரித்து எழுதினார். தற்செயலாகக் கிடைத்ததா, அவரே கலந்து உருவாக்கினாரா என்று நெடுநாள் சண்டை நடந்து, அவரே உருவாக்கினார் என்று 2016இல் ஒப்புக்கொண்டார்கள். அதன் தாய் தந்தைச் செடிகளில் ஒன்றின் பெயர் ஹூக்கரியானா, ஹூக்கர் என்ற தாவரவியலாளர் பெயர். அப்படிப் பார்த்தால் நம் தேசிய மலரின் பரம்பரையிலும் ஒரு தாவரவியலாளர் இருக்கிறார்.

மோசமான ஆட்களின் பெயரை நீக்குவார்களா?

பழைய பெயர்களில் சுலபமாகக் கைவைக்க மாட்டார்கள், குழப்பம் வரும் என்ற பயம். ஆனால் 2024இல் மட்ரிட் தாவரவியல் மாநாட்டில் ஒரு கதவு திறந்தது. ஆப்பிரிக்கர்களை இழிவாகக் குறிக்கும் 'காஃப்ரா' என்ற சொல் வரும் பெயர்களை எல்லாம் 'ஆஃப்ரா' என்று மாற்ற ஓட்டுப் போட்டார்கள். முள்முருங்கைக்கு உறவான தென்னாப்பிரிக்க மரமும் அதில் ஒன்று. ஓர் எழுத்துதான் போனது. எனக்கு இன்னும் கொஞ்சம் துணிந்திருக்கலாம் என்று தோன்றுகிறது.

என் அம்மா பெயரை ஒரு செடிக்கு வைக்க முடியுமா?

புதிய செடி கிடைத்தால் முடியும். பெயர் வைப்பவர் யார் பெயரையும் வைக்கலாம். ஆனால் அது புதிது என்று நிரூபிக்க வேண்டும், ஒரு மாதிரியை உலர்த்தி ஏதாவது ஒரு தாவர மாதிரிக் காப்பகத்தில் நிரந்தரமாக வைக்க வேண்டும், லத்தீனிலோ ஆங்கிலத்திலோ விவரித்து வெளியிட வேண்டும். 2012க்கு முன்பு லத்தீன் கட்டாயம். புதிய செடி சிங்கப்பூரில் எங்கே கிடைக்கும் என்று சிரிக்காதீர்கள். 2014இல்கூட ஜிஞ்ஜிபர் சிங்கப்பூரென்சே என்று ஒரு காட்டு இஞ்சி இங்கே புதிதாகப் பெயர் பெற்றது. (ஜிஞ்ஜிபர் என்ற சொல்லின் வேர் நம் 'இஞ்சி'தான் என்று மொழியியலாளர் பலர் சொல்கிறார்கள்.)

இதையெல்லாம் நேரில் பார்க்க பூமலையைவிட வேறு இடம் உண்டா?

கிராஞ்சி பக்கம் சுங்கை பூலோ போங்கள். தண்ணீர் இறங்கியிருக்கும் நேரமாகப் பார்த்துப் போங்கள், கொசு மருந்து அவசியம். பலகைப் பாதையில் நடந்தால் சேற்றில் பென்சில் குத்திவைத்த மாதிரி மூச்சுவேர்கள் நிற்கும். அது அவிசென்னியா, இபின் சினா என்ற பாரசீக மருத்துவ மேதை. முழங்கால் மடக்கின மாதிரி வேர் இருந்தால் புருகுயேரா, பிரான்சின் புருகியேர். பென்சிலைவிடத் தடியான, கூம்பு மாதிரி வேர் இருந்தால் சோனரேசியா. பியேர் சோனரா, பிரெஞ்சுக்காரர், புதுச்சேரியில் பல காலம் இருந்தவர். என் மனைவிக்குப் புதுச்சேரிதான் சொந்த ஊர். அந்த மரத்தருகே வந்தால் மட்டும் ஒரு நிமிடம் கூடுதலாக நிற்பாள்.